ஊசியும் பிறந்த தேதியும்

அன்புள்ள ஐயா,

வில்லிவாக்கத்திலிருந்து எழுதுகிறேன். என் மகன் ஒன்பதாம் வகுப்பு படிக்கிறான், பதினான்கு வயது. இரண்டு வருடமாகக் குண்டு எறிதல் பயிற்சிக்குப் போகிறான். மாவட்டப் போட்டியில் மூன்றாம் இடம் வரை வந்திருக்கிறான். பயிற்சியாளர் அக்கறையானவர், பீஸ்கூட அதிகம் கேட்பதில்லை. போன மாதம் என்னைத் தனியாகக் கூப்பிட்டு, "பையனுக்கு ரெண்டு வயசு குறைச்சுட்டா ஸ்டேட்ல கோல்டு நிச்சயம். சர்டிபிகேட்டுக்கு ஆள் இருக்கு. எல்லாரும் பண்றதுதான் சார்" என்றார். லேபிள் இல்லாத டப்பாவில் ஒரு பவுடரும் கொடுத்திருக்கிறார். போட்டிக்கு முந்தின நாள் 'சத்து ஊசி' என்று ஒன்று போடுகிறார்கள். ஒருமுறை குளுக்கோஸ் ஏற்றினார்கள். என் மனைவி பயப்படுகிறாள். ஸ்போர்ட்ஸ் கோட்டாவில் இன்ஜினீயரிங் சீட் கிடைத்தால் எங்கள் குடும்பத்துக்கு அது பெரிய விஷயம். இதில் எது சகஜம், எது தப்பு? மறுத்தால் பையனை ஒதுக்கிவிடுவார்களா?

(பெயர் வெளியிட வேண்டாம்)

அன்புள்ள நண்பருக்கு,

உங்கள் மனைவி பயப்படுவது முற்றிலும் சரி. முதலில் ஊசியை நிறுத்துங்கள், இன்றைக்கே. மற்றதையெல்லாம் ஒரு வாரம் யோசித்துச் செய்யலாம். இது அப்படியில்லை.

போட்ட ஊசியின் பெயர் என்ன என்று பயிற்சியாளரிடம் கேளுங்கள். வாயால் சொல்வதை ஏற்காதீர்கள். ஊசி மருந்து அடைத்து வரும் சின்னக் கண்ணாடிக் குப்பியான ஆம்பியூல் ஒவ்வொன்றிலும் மருந்தின் பெயர், அளவு, பேட்ச் எண், காலாவதித் தேதி அச்சாகியிருக்கும். உடைத்த ஆம்பியூலைக் காட்ட முடியாது, லேபிளைக் கிழித்துவிட்டோம் என்று பதில் வந்தால் அது சத்து ஊசி இல்லை என்றே எடுத்துக்கொள்ளுங்கள். உண்மையான பி காம்ப்ளெக்ஸ் ஊசியை யாரும் ஒளித்து வைப்பதில்லை. அந்தப் பெயரில் மைதானங்களில் புழங்குபவை வேறு: நான்ட்ரோலோன், ஸ்டானோசோலால் போன்ற ஸ்டீராய்டுகள். மெஃபென்டெர்மின் இன்னொன்று. அறுவை சிகிச்சையில் மயக்க மருந்து கொடுக்கும்போது இறங்கும் ரத்த அழுத்தத்தைத் தூக்குவதற்கான மருந்து அது. அதைப் பதினான்கு வயதுப் பையனுக்குப் போட்டுக் களத்தில் இறக்கினால் இதயத் துடிப்பு தாறுமாறாகலாம்.

ஊசியில் நிஜமாகவே பி காம்ப்ளெக்ஸ்தான் இருந்தது என்றால் உலக ஊக்கமருந்துத் தடுப்பு முகமையான வாடாவின் விதிப்படி அது குற்றமில்லை. ஆனால் குளுக்கோஸ் ஏற்றியது குற்றம். 12 மணி நேரத்துக்குள் 100 மில்லிக்கு மேல் எந்தத் திரவத்தையும் நரம்பு வழியாக ஏற்றக் கூடாது. வெறும் உப்புநீராக இருந்தாலும் தடை பொருந்தும். மருத்துவமனைச் சிகிச்சை, அறுவை சிகிச்சை, நோயறியும் பரிசோதனை ஆகியவற்றுக்கு மட்டுமே விலக்கு. வழக்கமான குளுக்கோஸ் பாட்டில் ஒன்று 500 மில்லி. "தெம்புக்கு ஒரு பாட்டில்" என்று போட்டிக்கு முன் ஏற்றும் பழக்கம் நம் ஊரில் எவ்வளவு பரவலோ, அவ்வளவு பேர் தெரியாமலே விதியை மீறிக்கொண்டிருக்கிறார்கள்.

"தெரியாது" என்பது அங்கே செல்லாது என்பதைத்தான் பெற்றோர் முதலில் புரிந்துகொள்ள வேண்டும். உடலில் என்ன இருக்கிறதோ அதற்கு விளையாட்டு வீரரே பொறுப்பு. யார் கொடுத்தார்கள், எதற்கென்று சொல்லிக் கொடுத்தார்கள் என்பதெல்லாம் தண்டனையின் அளவைக் குறைக்க உதவலாம், குற்றத்தை நீக்காது. 2010 குவாங்சோ ஆசியப் போட்டியில் 4x400 மீட்டர் தொடரோட்டத்தில் தங்கம் வென்ற இந்தியப் பெண்கள் அணியின் நால்வரில் மூவர் 2011-இல் ஸ்டீராய்டு சோதனையில் சிக்கினார்கள். பயிற்சியாளர் தந்த ஜின்செங் சத்துப்பொருளிலிருந்து வந்தது என்று வாதாடினார்கள். முதலில் ஓராண்டுத் தடை. பிறகு சர்வதேச விளையாட்டு நடுவர் மன்றம் அதை இரண்டாண்டாக்கியது. பயிற்சியாளரை வேலையிலிருந்து நீக்கினார்கள். ஓட முடியாமல் உட்கார்ந்தது அந்தப் பெண்கள்தான்.

உங்கள் மகன் எறிவது குண்டு என்பதால் இதையும் சொல்ல வேண்டும். பழைய கிழக்கு ஜெர்மனியில் விளையாட்டு விடுதிகளில் வளர்ந்த பிள்ளைகளுக்கு நீல நிற மாத்திரை ஒன்றைக் கொடுத்து விட்டமின் என்றார்கள். அது ஓரல் டூரினபால் என்ற ஸ்டீராய்டு. ஹைடி க்ரீகர் என்ற பெண்ணுக்குப் பதினாறு வயதிலிருந்து கொடுத்தார்கள். 1986 ஐரோப்பியப் போட்டியில் 21.10 மீட்டர் எறிந்து அவர் தங்கம் வாங்கினார். சில ஆண்டுகளில் முதுகும் இடுப்பும் முழங்காலும் போய் விளையாட்டையே விட நேர்ந்தது. பின்னாளில் ஆணாக மாறி, ஆண்ட்ரியாஸ் க்ரீகர் என்ற பெயரில், தன் உடம்புக்குச் செய்யப்பட்டதைப் பற்றி நீதிமன்றத்தில் சாட்சி சொன்னார். கிழக்கு ஜெர்மன் விளையாட்டுத் துறையின் தலைவராக இருந்த மான்ஃப்ரெட் எவால்டுக்கு 2000-இல் கிடைத்தது நிறுத்தி வைக்கப்பட்ட சிறைத்தண்டனை மட்டுமே.

அடுத்து பவுடர். லேபிள் இல்லாத டப்பாவைப் பையன் தொடவே கூடாது. லேபிள் இருந்தாலும் எஃப்எஸ்எஸ்ஏஐ எண்ணைப் பார்த்து நிம்மதியாகிவிடாதீர்கள். அது உணவு வணிக உரிமத்தின் எண். தடைசெய்யப்பட்ட பொருள் கலக்கவில்லை என்பதற்கான உத்தரவாதம் அல்ல. சில தயாரிப்புகளுக்கு மட்டும், ஒவ்வொரு பேட்சையும் ஆய்வகத்தில் சோதித்து 'இன்ஃபார்ம்டு ஸ்போர்ட்' என்ற அமைப்பினர் முத்திரை இடுகிறார்கள். அதிலும் டப்பாவின் பேட்ச் எண்ணை அவர்கள் தளத்தில் சரிபார்க்க வேண்டும். என் அபிப்பிராயம், பதினான்கு வயதுக்குப் பவுடரே வேண்டாம். முட்டை, பால், சுண்டல், மீன், வயிறு நிறையச் சோறு, எட்டு ஒன்பது மணி நேரத் தூக்கம் போதும்.

உங்கள் வீட்டு மருந்து டப்பாவையும் ஒருமுறை பாருங்கள். நம்மூர் இருமல் சிரப்கள் பலவற்றில் டெர்பூட்டாலின் இருக்கிறது. அது எப்போதும் தடை. சால்பூட்டமால் இன்ஹேலராக, 24 மணி நேரத்தில் 1600 மைக்ரோகிராமுக்குள், எட்டு மணி நேரத்துக்கு 600-ஐத் தாண்டாமல் என்றால் அனுமதி. சிரப்பாகவோ மாத்திரையாகவோ குடித்தால் தடை. அரிப்புக்கும் அலர்ஜிக்கும் தெருமுனை கிளினிக்கில் போடும் பீட்டாமெத்தசோன், டெக்சாமெத்தசோன் ஊசிகளும் மாத்திரைகளும் போட்டிக் காலத்தில் தடை. அதனால் எந்த டாக்டரிடம் போனாலும் "பையன் போட்டிகளில் கலந்துகொள்கிறான்" என்பதை முதல் வாக்கியமாகச் சொல்லுங்கள். ஆஸ்துமா போன்ற நோய்க்குத் தடை மருந்து தவிர்க்க முடியாததானால், முறைப்படி விண்ணப்பித்து மருத்துவ விலக்கு வாங்கலாம். மருந்துச் சீட்டுகளைத் தேதி வாரியாக ஒரு ஃபைலில் வையுங்கள். தடைப்பட்டியல் ஒவ்வொரு ஜனவரி 1-லும் மாறும்.

நாடா எனப்படும் தேசிய ஊக்கமருந்துத் தடுப்பு முகமையின் ஆட்கள் ஒருநாள் போட்டிக்கு வந்தால் என்ன நடக்கும் என்பதும் பையனுக்கு முன்பே தெரிந்திருக்க வேண்டும். தெரியாதவர்கள் பயந்து ஓடுகிறார்கள். 2023 செப்டம்பரில் டெல்லி மாநிலத் தடகளப் போட்டியில் சோதனைக்காரர்கள் வந்த செய்தி பரவியதும் ஆண்கள் 100 மீட்டர் இறுதிப் போட்டிக்கு ஒரே ஒருவர்தான் நின்றார். அந்த மைதானத்துக் கழிப்பறையில் ஊசிகள் கிடந்தன. தகவல் தெரிவித்த பிறகு ஓடுவதும் சிறுநீர் தர மறுப்பதும் தனிக் குற்றம். அதற்கான தடை பொதுவாக நான்கு ஆண்டு, பிடிபட்டதற்குச் சமம்.

நடைமுறை சிக்கலானதல்ல. தகவல் சொல்லிக் கையெழுத்து வாங்கியதும் ஓர் உதவியாளர் கூடவே வருவார். சிறுவன் என்பதால் நீங்களோ வேறொரு பெரியவரோ துணைக்குப் போக உரிமை உண்டு. விட்டுக்கொடுக்காதீர்கள். பாத்திரத்தையும் சீலிட்ட பெட்டியையும் அடுக்கியிருப்பதிலிருந்து பையனே தேர்ந்தெடுக்க வேண்டும். குறைந்தது 90 மில்லி தேவை. 'ஏ' பாட்டிலில் 60, 'பி' பாட்டிலில் 30. போதவில்லை என்றால் தந்ததை சீல் செய்து வைத்துவிட்டு மறுபடி காத்திருக்கச் சொல்வார்கள். சீக்கிரம் முடியட்டும் என்று தண்ணீரை மடமடவென்று குடித்தால் சிறுநீர் நீர்த்துப்போய் இன்னொரு மாதிரி கேட்பார்கள், நேரம்தான் நீளும். பாட்டில், மூடி, பெட்டி, படிவம் எல்லாவற்றிலும் எண் ஒன்றாக இருக்கிறதா என்று வாசித்துப் பார்க்க வேண்டும். கடந்த ஏழு நாளில் எடுத்த மாத்திரை, சிரப், பவுடர் அனைத்தையும் படிவத்தில் எழுத வேண்டும். பிள்ளைகள் பயத்தில் 'ஒன்றுமில்லை' என்று எழுதிவிடுகிறார்கள். பின்னால் இருமல் சிரப் என்று விளக்கம் சொல்லும்போது அந்த வெற்று வரிதான் எதிராக நிற்கும். படிவத்தின் பிரதியை வாங்காமல் கிளம்பக் கூடாது.

இப்போது வயது. இதை உங்கள் பயிற்சியாளர் சின்ன விஷயமாகச் சொல்கிறார். எனக்கு இதுதான் அதிகக் கோபம் தருகிறது, ஏனென்றால் பொய்யின் பலன் பெரியவர்களுக்கு, அதைச் சுமக்க வேண்டியவன் பிள்ளை.

பிறப்புச் சான்றிதழில் பெற்றோர் பார்ப்பது பிறந்த தேதியை. சரிபார்ப்பவர் பார்ப்பது அதோடு இருக்கும் பதிவு தேதியை. பிறந்து 21 நாளுக்குள் பதிய வேண்டும் என்பது சட்டம். ஓராண்டு கடந்தால் மாஜிஸ்திரேட் உத்தரவு வேண்டும். சென்னை ஆஸ்பத்திரியில் பிறந்த பையனின் பிறப்பு பத்துப் பன்னிரண்டு ஆண்டு கழித்து எங்கோ ஒரு ஊரில் பதிவாகியிருந்தால் அந்த ஒரு வரியிலேயே சந்தேகம் தொடங்கிவிடும். 2001-இல் அமெரிக்கச் சிறுவர் பேஸ்பால் போட்டியில் டேனி அல்மான்டே என்ற பையன் எல்லோரையும் அசத்தினான். வயது 12 என்றார்கள், உண்மையில் 14. டொமினிகன் குடியரசில் 1987 என்று ஒரு பதிவும், அவன் அப்பா 2000-இல் போய்ச் செய்த 1989 என்ற இன்னொரு பதிவும் இருந்தன. அணியின் வெற்றிகள் ரத்தாயின. அப்பாவுக்கும் அணி நிறுவனருக்கும் ஆயுள் தடை. அதே இரண்டு வருடம்தான், உங்களிடம் கேட்டதும்.

இங்கே தடயங்கள் இன்னும் அதிகம். எமிஸ் எனப்படும் மாணவர் அடையாள எண்ணோடு பள்ளிப் பதிவு, தடுப்பூசி அட்டை, ஆதார். ஆதாரில் பிறந்த தேதியை ஒருமுறைதான் திருத்தலாம், திருத்தியதும் பதிவாகி இருக்கும். பத்தாம் வகுப்புச் சான்றிதழில் அச்சாகிவிட்டால் மாற்றுவது மிகக் கடினம். அதனால்தான் ஒன்பதாம் வகுப்பிலேயே அவசரப்படுத்துகிறார்கள்.

ஆவணம் தப்பினாலும் எலும்பு சொல்லிவிடும். இடது கை, மணிக்கட்டு எக்ஸ்ரே எடுத்து, டிடபிள்யூ 3 முறையில் 13 எலும்புகளின் வளர்ச்சிக்கு மதிப்பெண் போட்டு எலும்பு வயதைக் கணக்கிடுகிறார்கள். கிரிக்கெட் வாரியம் 2012 முதல் சிறுவர் பிரிவில் இதைப் பயன்படுத்துகிறது. இது துல்லியமான கருவி அல்ல. சீக்கிரம் பருவமடைந்த நேர்மையான பையனைக்கூட மூத்தவனாகக் காட்டக்கூடும். இன்னொன்றையும் கவனியுங்கள். டெஸ்டோஸ்டிரோன் வகை ஊசிகள் எலும்பின் முதிர்ச்சியை வேகப்படுத்தி வளர்ச்சித் தட்டுகளைச் சீக்கிரமே மூடவைக்கும். உயரம் நின்றுபோகும், எக்ஸ்ரேயில் வயதும் கூடித் தெரியும். உங்கள் பயிற்சியாளர் ஒரு கையால் குறைக்கச் சொல்லும் வயதை மறு கையில் உள்ள ஊசியால் கூட்டிக்கொண்டிருக்கலாம்.

மாட்டாமலே போனாலும் நஷ்டம்தான். ஆண்கள் குண்டின் எடை 18 வயதுக்குள் 5 கிலோ, 20 வயதுக்குள் 6 கிலோ, அதன்பின் 7.26 கிலோ. இரண்டு வயது குறைத்தவன் தனக்குரிய எடைக்கு வர வேண்டிய நேரத்தில் லேசான குண்டையே எறிந்து பதக்கம் வாங்கிக்கொண்டிருப்பான். தோள் பலத்திலேயே ஜெயித்துவிடுவதால் காலிலிருந்து விசையெடுப்பதும், வட்டத்துக்குள் சறுக்குவதும், கடைசியில் விரலால் தள்ளுவதும் பழகாது. பெரிய குண்டு கைக்கு வந்ததும் தூரம் விழும். இளையோர் சாம்பியன்கள் பலர் இருபது வயதில் காணாமல் போவதற்கு இது முக்கியக் காரணம் என்று நினைக்கிறேன். அவனால் நான்காம் இடத்துக்குத் தள்ளப்பட்டு, பன்னிரண்டு வயதில் விளையாட்டை விட்ட பையனை யாரும் எண்ணுவதுகூட இல்லை.

கோட்டா ஆசை புரிகிறது. பொறியியலில் விளையாட்டுப் பிரிவுக்கு 500 இடங்கள், அரசு வேலையில் 3 சதவீதம் என்று தமிழ்நாட்டில் இருப்பது நல்ல ஏற்பாடு. ஆனால் அங்கே ஒவ்வொரு தாளும் சரிபார்க்கப்படும். போலித் தேதியோடு வாங்கிய பதக்கம் செல்லாது என்றானால் சீட் மட்டும் போகாது, போலி ஆவண வழக்கும் வரும். வழக்கில் முதல் பெயர் உங்களுடையது.

பயிற்சியாளரிடம் என்ன சொல்வது? சண்டை வேண்டாம். "தேதியை மாற்ற மாட்டோம். என்ன ஊசி, என்ன மாத்திரை என்றாலும் நாங்கள் எங்கள் டாக்டரிடம் காட்டிய பிறகுதான்" என்று இருவரும் போய்ச் சொல்லுங்கள். வாட்ஸ்அப்பிலும் அனுப்பிவிடுங்கள், தேதியோடு பதிவாக இருக்கும். பவுடர் டப்பாவைத் தூக்கி எறியாதீர்கள். மூடி, போட்டோ எடுத்து, தனியாக வையுங்கள். இதுவரை போட்ட ஊசிகளின் தேதிகளை மகனிடம் கேட்டு எழுதுங்கள். ஒரு குழந்தைநல மருத்துவரிடம் ரத்த அழுத்தம், கல்லீரல் பரிசோதனை செய்துகொள்ளுங்கள். அவரிடம் எதையும் மறைக்காதீர்கள். அவனைத் திட்டாதீர்கள். கை நீட்டச் சொன்னது பெரியவர்.

மற்றப் பிள்ளைகளுக்கும் ஊசி போடுகிறார் என்றால் புகார் செய்ய வேண்டும் என்றே சொல்வேன். நாடாவிடம் பெயர் சொல்லாமலும் தகவல் தரலாம். பதினாறு வயதுக்குட்பட்ட ஒருவர் பிடிபட்டால் பயிற்சியாளரைக் கட்டாயம் விசாரிக்க வேண்டும் என்பது விதி. அந்த வயதுப் பிள்ளைக்கு ஸ்டீராய்டு கொடுத்தது நிரூபணமானால் அவருக்கு ஆயுள் தடை. ஊசியால் பையனுக்கு உடம்பு கெட்டால் அது போலீஸ் விவகாரம். 1098 குழந்தைகள் உதவி எண்ணையும் குறித்துக்கொள்ளுங்கள்.

ஒதுக்கிவிடுவார்களா என்று கேட்டீர்கள். பயிற்சியாளர் ஒருவரால் அவ்வளவு சுலபமாக முடியாது. இந்தியத் தடகளச் சம்மேளனம் ஒவ்வொரு வீரருக்கும் தரும் பதிவு எண்ணான யுஐடி பையனுடையது, பயிற்சியாளரை மாற்றினாலும் மாறாது. அந்த எண்ணும் கடவுச்சொல்லும் உங்களிடம் இல்லையென்றால் இந்த வாரமே வாங்கிவிடுங்கள். பள்ளிப் போட்டிகளுக்குப் பெயர் கொடுப்பது பள்ளி பி.டி. ஆசிரியர். முதலமைச்சர் கோப்பைக்கு நீங்களே ஆன்லைனில் பதியலாம். வேறு பயிற்சியாளரைப் பார்க்கும்போது நேரு விளையாட்டரங்கில் மாலையில் நின்று, குண்டு எறியும் பிள்ளைகள் எந்த எடையில் பழகுகிறார்கள், தளத்தில் எத்தனை நிமிடம் காலசைவுக்கு ஒதுக்குகிறார்கள், பெற்றோர் பக்கத்தில் உட்கார அனுமதி உண்டா என்று பாருங்கள். பதக்கப் பட்டியலைக் காட்டினால், அந்தப் பிள்ளைகள் இருபது வயதில் எங்கே எறிகிறார்கள் என்று கேளுங்கள்.