அபராதம் விதிக்கும் கிராமம்

அன்புள்ள ஐயா,

சில ஆண்டுகளாக நாட்டிங்காமில் வசிக்கிறேன். சென்ற ஆகஸ்டில் குடும்பத்துடன் அருகிலுள்ள லாக்ஸ்டன் என்னும் கிராமத்துக்குப் போயிருந்தோம். இடைக்காலத்து மூன்று வயல் முறை அங்கே இன்றும் நடப்பில் இருக்கிறது என்றார்கள். வேலியே இல்லாத அந்தப் பரந்த வயல்களைப் பார்த்தபோது, மனிதர்கள் ஒருவரையொருவர் நேசித்து, விட்டுக்கொடுத்து வாழ்ந்த சொர்க்கம் ஒன்று கண்முன் விரிந்ததாகத் தோன்றியது. எங்கள் குடியிருப்பில் பக்கத்து வீட்டுக்காரரின் பெயர்கூட எனக்குத் தெரியாது. என் அலுவலக நண்பரோ, பொதுவில் விடப்பட்ட எதுவும் உருப்படாது, அது பொருளியல் விதி என்கிறார். அவருக்கு என்ன சொல்வது? 2020இல் அந்த நிலம் கைமாறிவிட்டதாமே, இந்த முறை இனியும் நீடிக்குமா? நம் ஊர்களிலும் இப்படி ஏதாவது இருந்ததா?

எஸ்.

அன்புள்ள எஸ்.,

கொஞ்ச காலமாக நான் வேலிகளைப் பற்றித்தான் படித்துக்கொண்டிருக்கிறேன். அதனால்தான் மேசையில் காத்திருக்கும் மற்ற கடிதங்களை ஒதுக்கிவிட்டு உங்களுக்கு முதலில் எழுதுகிறேன்.

முதலில் அந்தச் 'சொர்க்கம்' என்ற சொல்லை எடுத்துவிடுங்கள். கோடை விடுமுறையில் ஒரு பிற்பகல் போய், படம் எடுத்துக்கொண்டு திரும்புகிறவருக்கு எந்தக் கிராமமும் சொர்க்கமாகத்தான் தெரியும். லாக்ஸ்டனின் பழைய நீதிமன்றப் பதிவுகளைப் புரட்டினால் நேசத்தைக் காண முடியாது. எவன் அடுத்தவன் நிலத்தில் உழுதான், எவனுடைய மாடு எங்கே மேய்ந்தது, எவன் வாய்க்காலைத் தூர்வாராமல் விட்டான், அதற்கு எத்தனை பென்னி அபராதம் என்ற கணக்குதான் இருக்கும். அந்த ஊரைக் காப்பாற்றி வைத்தது அந்தக் கணக்குதான் என்பது என் கட்சி.

நான் அங்கே போனது நவம்பர் கடைசியில், பயிர் செய்கிறவர்களே ஜூரிகளாக, அதாவது நடுவர்களாக, வயலைச் சோதிக்கும் ஜூரி நாளன்று. மேற்கு வயல், மில் வயல், தெற்கு வயல் என்று மூன்று பெருவயல்கள் உண்டு என்பதை நீங்களே பார்த்திருப்பீர்கள். ஒன்றில் குளிர்காலக் கோதுமை, அடுத்ததில் வசந்தகால விதைப்பு, மூன்றாவது தரிசு. இந்த வரிசை ஆண்டுதோறும் சுழலும். ஒவ்வொரு வயலும் வேலியில்லாத துண்டுகளாகப் பலருக்கும் பிரிந்திருக்கும். கோதுமை விதைத்த வயலை மட்டும் அந்த ஆண்டு ஜூரிகள் பார்வையிடுவார்கள். டவ்காட் மதுக்கடையில் கூடி, டிராக்டர் இழுக்கும் வண்டியில் ஏறி வயலுக்குப் போவார்கள். எல்லாரும் அங்கேயே பயிர் செய்கிறவர்கள். தங்கள் துண்டையும் அண்டையவர் துண்டையும் சேர்த்தே சோதிக்க வேண்டியவர்கள். களிமண் பூட்ஸைப் பிடித்துக்கொண்டு விடாது. பசுந்தளிர் விட்டிருந்த ஒரு துண்டின் ஓரத்தில் நின்று முதியவர் ஒருவர் ஒற்றைக் கண்ணை மூடிக்கொண்டு ஒரு முளைக்குச்சியிலிருந்து எதிர்முனையில் இருந்த குச்சிவரை நேர்கோடு பார்த்தார். இரண்டு சால் அளவுக்கு உழவு பாதையின் மீது ஏறியிருந்தது. அவர் எதுவும் பேசவில்லை. பூட்ஸ் நுனியால் அந்த மண்ணை ஒரு தட்டுத் தட்டினார். உழுதவரும் அதே கும்பலில்தான் நின்றிருந்தார். ஒருவர் காகிதத்தில் குறித்துக்கொண்டார், இன்னொருவர் புதுக் குச்சியைச் சம்மட்டியால் அடித்து இறக்கினார், எல்லாரும் அடுத்த துண்டுக்கு நடந்தார்கள்.

ஒரு வாரம் கழித்து அதே மதுக்கடையில் நீதிமன்றம் கூடும். அதன் பெயர் கோர்ட் லீட். நிலப்பிரபுவின் சார்பில் ஒரு வழக்கறிஞர் தலைமை தாங்க, அடுத்த ஆண்டுக்கான ஜூரிகள் சத்தியப்பிரமாணம் எடுக்க, குறிப்பிலிருந்த அபராதங்கள் உறுதி செய்யப்படும். தொகை சில பவுண்டுகள்தான். ஆனால் இதை நாடகம் என்று நினைத்துவிடாதீர்கள். 1977ஆம் ஆண்டுச் சட்டம் இங்கிலாந்தின் இத்தகைய பழைய நீதிமன்றங்களின் அதிகாரத்தைப் பறித்தபோது, லாக்ஸ்டனுக்கு அதன் வயல்களை நிர்வகிக்கும் அதிகாரம் தனியே விலக்களித்து விடப்பட்டது.

உங்கள் அலுவலக நண்பரிடம் வருகிறேன். இந்த வாதத்தைக் கேட்டால் எனக்குப் பொறுமை போய்விடுகிறது. அவர் சொல்லும் விதியின் பிறப்பிடம், காரெட் ஹார்டின் என்ற அமெரிக்க உயிரியலாளர் 1968இல் எழுதிய ஒரு கட்டுரை. எல்லாருக்கும் திறந்த ஒரு மேய்ச்சல் நிலத்தைக் கற்பனை செய்துகொள்ளுங்கள் என்றார் அவர். ஒவ்வொரு மேய்ப்பனும் தன் லாபத்துக்காக இன்னும் ஒரு மாட்டை ஓட்டிவருவான், கடைசியில் நிலம் அழியும். கற்பனை மேய்ச்சல் நிலம், கற்பனை மேய்ப்பன்! உண்மையான ஆங்கிலேய மேய்ச்சல் நிலத்தில் யார் எத்தனை ஆடு விடலாம், எந்த நாளில் விடலாம், எந்த நாளில் ஓட்டிக்கொண்டு போக வேண்டும் என்பதற்கெல்லாம் வரம்பு இருந்தது. லாக்ஸ்டனில் உழவுபடாத புல்தரைப் பள்ளங்களை 'சைக்' என்கிறார்கள். அவற்றின் புல்லைக்கூட எவரும் நினைத்தபடி அறுத்துவிட முடியாது, அது ஆண்டுதோறும் ஏலத்துக்கு வருகிறது. தாம் பேசியது நிர்வாகமற்ற பொதுநிலத்தைப் பற்றித்தான் என்று ஹார்டினே பிற்காலத்தில் திருத்திக்கொண்டார். எலினோர் ஆஸ்ட்ரம் என்ற அமெரிக்க ஆய்வாளர் ஊர் ஊராக இத்தகைய ஏற்பாடுகளை ஆராய்ந்து 2009இல் பொருளியல் நோபல் பரிசு பெற்றார். உங்கள் நண்பர் இன்னும் 1968லேயே நிற்கிறார். பொது என்பதை அவர் கேட்பாரற்றது என்று புரிந்துகொண்டிருக்கிறார். லாக்ஸ்டனில் கேட்பதற்கு ஆள் இருக்கிறார்கள், கையில் சம்மட்டியும் இருக்கிறது. அந்த மேய்ப்பனை வயலில் இறக்கி விட்டிருந்தால் முதல் நவம்பரிலேயே அவன் பெயர் காகிதத்தில் ஏறியிருக்கும்.

மற்ற கிராமங்கள் ஏன் இதை இழந்தன? மக்கள் கெட்டுப்போனதால் அல்ல. 1604 முதல் 1914 வரை பாராளுமன்றம் 5,200க்கும் மேற்பட்ட வேலியடைப்புச் சட்டங்களை நிறைவேற்றியது. அவை தொட்ட நிலம் ஏறத்தாழ 68 லட்சம் ஏக்கர், இங்கிலாந்தின் பரப்பில் ஐந்தில் ஒரு பங்குக்குச் சற்று மேல். சிதறிக் கிடந்த துண்டுகள் ஒன்றாக்கப்பட்டன, முள்வேலிகள் எழுந்தன, பண்ணைவீடுகள் ஊரைவிட்டு வயல் நடுவே போய் உட்கார்ந்தன. ஒரு பசுவையும் நான்கு வாத்துகளையும் பொதுநிலத்தில் மேய்த்துப் பிழைத்த குடிசைக்காரனுக்கு ஈடாகக் கிடைத்தது ஒரு சிறு துண்டு, அதற்கும் வேலிபோடும் செலவு அவன் தலையில். விற்றுவிட்டுக் கூலிக்குப் போனான். லாக்ஸ்டனில் நீங்கள் இன்னும் ஒன்றைக் கவனித்திருக்கலாம், கவனிக்கவில்லை என்று நினைக்கிறேன்: பண்ணைவீடுகள் எல்லாம் தெருவிலேயே, பக்கச்சுவரைச் சாலைக்குக் காட்டிக்கொண்டு, ஒன்றை ஒன்று ஒட்டி நிற்கின்றன. நிலம் மூன்று வயல்களிலும் சிதறிக் கிடப்பவன் ஊர் நடுவில் இருந்தால்தான் எல்லாவற்றுக்கும் போய்வர முடியும்.

லாக்ஸ்டன் தப்பியதற்கும் புண்ணியம் காரணமில்லை. அங்கும் ஒரு பகுதி வேலியடைக்கப்பட்டதுதான். மிச்சம் பிழைத்ததற்கு முக்கியக் காரணம், அங்கே நிலம் வைத்திருந்த மேன்வர்ஸ் பிரபுவுக்கும் ஸ்கார்பரோ பிரபுவுக்கும், துண்டுகளை ஒன்றாக்கி வேலியடைக்க நிலத்தைப் பரிமாறிக்கொள்வதில் ஒத்துவராமல் போனது. இரண்டு சீமான்களின் பிணக்கு செய்த நன்மை! 1635இல் மார்க் பியர்ஸ் வரைந்த அளவை வரைபடத்தில் துண்டுகள் ஈராயிரத்துக்கும் மேல்; இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அவை சேர்க்கப்பட்டுச் சில நூறுக்குள் அடங்கிவிட்டன. அதையும் மறந்துவிட்டு 'அப்படியே இருக்கிறது' என்று சொல்லிக்கொள்வது நம் ஆசை.

நம் ஊர்களைப் பற்றிக் கேட்டிருந்தீர்கள். தஞ்சைப் பகுதியில் கரையீடு என்று, மிராசுதார்கள் நிலத்தைக் காலந்தோறும் தங்களுக்குள் மாற்றிப் பகிர்ந்துகொள்ளும் வழக்கம் இருந்தது. இங்கிலாந்தில் வேலி எழுந்துகொண்டிருந்த அதே காலத்தில் கம்பெனி அதிகாரிகள் இங்கே அதை விரும்பாமல் தனிப்பட்டாவை நோக்கித் தள்ளினார்கள். ஆனால் நடவும் அறுப்பும் செய்தவர்களுக்கு அந்தப் பகிர்வில் பங்கு இல்லை. அதைச் சொல்லாமல் பழம்பெருமை பேச வருகிறவர்களுக்கு நான் பதில் எழுதுவதில்லை.

நிலம் கைமாறியது உண்மை. 1952இல் மேன்வர்ஸ் குடும்பத்திடமிருந்து அரசு வேளாண் அமைச்சகம் வாங்கியது. 1981இல் அரச சொத்துகளை நிர்வகிக்கும் கிரவுன் எஸ்டேட்டுக்குப் போனது. 2020இல் அதே குடும்ப வழியினரின் தோர்ஸ்பி எஸ்டேட்டுக்கே திரும்பியிருக்கிறது. உரிமையாளர் யார் என்பதைவிட ஜூரியில் உட்கார அடுத்த தலைமுறை அங்கே பயிர் செய்கிறதா என்பதைத்தான் நான் கவனிப்பேன்.

பக்கத்து வீட்டுக்காரரின் பெயர் தெரியாது என்று எழுதிய அந்த ஒரு வரிதான் உங்கள் கடிதத்தில் என்னை நிறுத்தியது. அதற்காக உங்களை நொந்துகொள்ளாதீர்கள். அவருக்கும் உங்களுக்கும் பொதுவாக ஒரு வாய்க்கால்கூட இல்லை; சண்டை போட ஒரு காரணமும் இல்லாதவர்கள் பெயரைக் கேட்டு என்ன செய்வது? உங்கள் குடியிருப்பில் குப்பைத்தொட்டிக்கோ கார் நிறுத்தத்துக்கோ கூட்டம் போட்டால் தவறாமல் போங்கள். போய் வாதாடுங்கள்.

நவம்பர் கடைசியில் குழந்தைகளையும் அழைத்துக்கொண்டு மறுபடி லாக்ஸ்டன் போய்வாருங்கள். ஜூரிகளோடு வயலுக்குப் போக முடியுமா என்று முன்கூட்டியே கேட்டுக்கொள்ளுங்கள். முழங்கால்வரை வரும் ரப்பர் பூட்ஸ் இல்லாமல் மட்டும் போகாதீர்கள். இந்த ஆண்டு யாருக்கு அபராதம், எதற்கு என்று கேட்டு எனக்கு எழுதுங்கள்.