தீர்வுக் கடிதத்தின் கெடு தாண்டினால் நீதிமன்றம் கை கொடுக்குமா?

கேள்வி: தண்டையார்பேட்டையில் வசிக்கிறோம். மாடி கட்ட அப்பா ஒரு கூட்டுறவு நகர வங்கியில் வாங்கிய கடன் வாராக் கடனாகிவிட்டது. நிலுவையைக் குறைத்துக் கடனை முடித்துக்கொள்ளும் ஒருமுறைத் தீர்வாக 6.5 லட்சம் கட்டச் சொல்லி வங்கி கடிதம் கொடுத்தது. 4 லட்சம் கட்டினோம். மீதியைப் புரட்டுவதற்குள் கெடு 12 நாள் தாண்டிவிட்டது. இப்போது முழு வட்டியும் கேட்டு 60 நாள் நோட்டீஸ் வந்திருக்கிறது. உயர் நீதிமன்றம் போனால் பழைய தொகைக்கே முடித்துத் தருவார்களா? - ஒரு வாசகி

பதில்: அம்மா, அந்த நம்பிக்கையில் வழக்குச் செலவு செய்யாதீர்கள். ஒருமுறைத் தீர்வைக் கடன்தாரர் உரிமையாகக் கேட்க முடியாது, அதைத் தரும்படி வங்கிக்கு உயர் நீதிமன்றம் ஆணையிட முடியாது என்று 2021 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அது பிஜ்னோர் நகரக் கூட்டுறவு வங்கியின் வழக்கு. 2022இல் அரவிந்திரா எலக்ட்ரானிக்ஸ் வழக்கு ஏறக்குறைய உங்கள் கதைதான்: கொஞ்சம் கட்டி, மீதிக்குக் கெடு தவறியது. கெடுவை நீட்டுவது ஒப்பந்தத்தையே திருத்தி எழுதுவதாகும் என்று உச்ச நீதிமன்றம் மறுத்துவிட்டது.

கடிதத்தை எடுத்துக் கடைசிப் பத்தியைப் படியுங்கள். ‘கெடுவுக்குள் முழுத் தொகையும் செலுத்தாவிட்டால் இச்சலுகை தானே ரத்தாகும்’ என்ற வரி பெரும்பாலும் அங்கேதான் இருக்கும். தொகையைப் பார்த்த மகிழ்ச்சியில் அந்த வரியைத் தாண்டிப்போனவர்களை நிறையப் பார்த்திருக்கிறேன். ஒவ்வொரு முறையும் மனம் கனத்துப்போகிறது.

ஆனால் கதவுகள் எல்லாம் மூடிவிடவில்லை. வந்திருப்பது 2002ஆம் ஆண்டு சர்ஃபேசி சட்ட நோட்டீஸ்; வழக்குப் போடாமலே அடமானச் சொத்தை வங்கி கையகப்படுத்த வழிசெய்யும் சட்டம் அது. கூட்டுறவு வங்கிகளுக்கும் அச்சட்டம் பொருந்தும் என்பதை 2020இல் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு உறுதி செய்துவிட்டது. 60 நாள் முடியும் முன் ஆட்சேபத்தை எழுதிப் பதிவுத் தபாலில் அனுப்புங்கள். கட்டிய 4 லட்சத்தின் ரசீதுகளை இணைத்து, மீதியைத் தாமத நாட்களின் வட்டியோடு கட்டத் தயார் என்று தேதி போட்டு எழுதுங்கள். 15 நாளுக்குள் வங்கி பதில் தந்தாக வேண்டும். கணக்கு விவரமும் கேட்டு வாங்குங்கள். 4 லட்சம் முழுதாக வரவு வைக்கப்பட்டிருக்கிறதா என்று வரி வரியாகப் பாருங்கள். சொத்தைக் கையகப்படுத்தும் நடவடிக்கை தொடங்கினால், அன்றிலிருந்து 45 நாளுக்குள் கடன் வசூல் தீர்ப்பாயம் போகலாம். நடைமுறைப் பிழைகளை அங்கே கேட்பார்கள்.

கடன் கொடுத்தது வங்கி உரிமம் இல்லாத கூட்டுறவு சங்கமாக இருந்தால் பாதையே வேறு. 1983ஆம் ஆண்டு தமிழ்நாடு கூட்டுறவுச் சங்கங்கள் சட்டத்தின் 90ஆம் பிரிவில் பதிவாளர் முன்புதான் தாவா. சிவில் நீதிமன்றத்துக்கு அதிகாரமில்லை.

உங்களுக்கு நான் சொல்லும் வழி மக்கள் நீதிமன்றம். பாரிமுனை உயர் நீதிமன்ற வளாகத்துக்குப் போய் சட்டப்பணிகள் ஆணைக்குழுவில் மனு கொடுங்கள். பெண்களுக்கு வருமான வரம்பின்றி இலவச சட்ட உதவி உண்டு. வங்கியும் ஒப்புக்கொண்டால் அங்கே முடியும் தீர்வுக்கு மேல்முறையீடு கிடையாது. ஆகவே கையில் பணம் இருக்கும் தேதியையே கெடுவாகக் கேளுங்கள்.

கடன் தீர்ந்தால் 30 நாளுக்குள் மூலப்பத்திரம் திரும்ப வேண்டும். வங்கியால் தாமதமானால் நாளுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு என்பது ரிசர்வ் வங்கியின் 2023 உத்தரவு. பத்திரத்தோடு நிலுவையில்லாச் சான்றும் வாங்குங்கள். அடமானம் பதிவாகியிருந்தால், கடன் தீர்ந்ததென்று வங்கி எழுதித்தரும் ரசீது ஆவணத்தையும் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதியுங்கள்; அப்போதுதான் வில்லங்கச் சான்றில் கடன் தீர்ந்தது தெரியும்.