வக்கீல் இறந்தது தெரியவில்லை, வழக்கும் தள்ளுபடி: இனி என்ன செய்வது?

கேள்வி: உறவினர் ஒருவர் 2018இல் புரோநோட் எழுதிக்கொடுத்து என்னிடம் 4 லட்சம் ரூபாய் கடன் வாங்கினார். திருப்பித் தராததால் 2020இல் வழக்குப் போட்டேன். வாய்தா எல்லாம் வக்கீலே பார்த்துக்கொண்டார். பல மாதங்களாகத் தகவல் இல்லாததால் நேரில் போனேன். அவர் இறந்துவிட்டார் என்பதும், ஐந்து மாதங்களுக்கு முன்பே வழக்கு தள்ளுபடியாகிவிட்டது என்பதும் அங்கேதான் தெரிந்தது. புதிதாக வழக்குப் போடலாமா?

பதில்: வேண்டாம் அம்மா. புரோநோட்டை வைத்து வழக்குப் போட மூன்று ஆண்டுதான் காலம். அது எப்போதோ முடிந்துவிட்டது. காலத்துக்குள் நீங்கள் போட்ட பழைய வழக்கைத்தான் மீட்க வேண்டும். உங்கள் கடனைப் பொய் என்று நீதிமன்றம் சொல்லவில்லை. விசாரணைக்கு ஆள் வரவில்லை என்று மூடியிருக்கிறார்கள், அவ்வளவுதான்.

முதலில் தள்ளுபடி உத்தரவின் நகலுக்கு மனுப் போடுங்கள். அதில் ஒரு வரியைக் கவனமாகப் படிக்க வேண்டும். ‘வாதி அழைக்கப்பட்டார், ஆஜரில்லை, பிரதிவாதி ஆஜர்’ என்று இருந்தால், சிவில் நடைமுறைச் சட்டம் கட்டளை 9 விதி 9இன் கீழ் மனுப் போட வேண்டும். அந்த நிலையில் அதே காரணத்துக்குப் புது வழக்குப் போடவும் சட்டம் தடை விதிக்கிறது. இரண்டு தரப்புமே வரவில்லை என்று இருந்தால் விதி 4. அதில் புது வழக்குக்குத் தடை இல்லை என்றாலும், காலாவதி ஆகிவிட்டதால் உங்களுக்குப் பயன்படாது.

வழக்கை மீண்டும் கோப்பில் எடுக்கக் கேட்கும் மனுவுக்குக் கெடு 30 நாள். நீங்கள் அறிந்த நாளிலிருந்து அல்ல, தள்ளுபடி ஆன நாளிலிருந்து. நீங்கள் அதைத் தாண்டிவிட்டதால், காலவரையறைச் சட்டம் பிரிவு 5இன் கீழ் தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவும் சேர்த்துப் போட வேண்டும். எத்தனை நாள் தாமதம் என்பதைச் சரியாக எண்ணி எழுதுங்கள். ஒரு நாள் பிசகினாலும் மனுவைத் திருத்தச் சொல்லித் திருப்பிவிடுவார்கள்.

அப்புறம் அபிடவிட், அதாவது நடந்ததை உறுதிமொழியுடன் எழுதித் தரும் பிரமாணப் பத்திரம். உங்கள் மனுவுக்கு உயிர் அதுதான். ‘வக்கீல் தகவல் சொல்லவில்லை’ என்று ஒரு வரியில் முடிக்காதீர்கள். அவரிடம் கடைசியாக எப்போது பேசினீர்கள், எந்தத் தேதியில் இறந்தார், நீங்கள் எந்த நாளில் அலுவலகம் போனீர்கள், யார் சொன்னார்கள் என்று வரிசையாக எழுதுங்கள். இறப்புச் சான்றிதழ் நகலை இணையுங்கள். வக்கீல் இறந்ததும், உங்களுக்காக வாதாட நீங்கள் கையெழுத்திட்டுக் கொடுத்த வக்காலத்தும் முடிந்துவிடுகிறது. அன்று உங்களுக்காக நிற்க யாருமே இல்லை என்பது வலுவான காரணம். தள்ளுபடிக்கு முன்பே அவர் இறந்திருந்தால் இன்னும் வலு. வக்கீலின் தவறுக்காகவே கட்சிக்காரரைத் தண்டிக்கக் கூடாது என்று உச்ச நீதிமன்றம் 1981இல் ரபீக் எதிர் முன்ஷிலால் வழக்கில் சொல்லியிருக்கிறது. உங்கள் வக்கீல் மீது அந்தத் தவறுகூட இல்லை.

எதிர்த் தரப்புக்கு நோட்டீஸ் போகும், அவர்கள் ஆட்சேபிப்பார்கள். நீதிமன்றம் செலவுத்தொகை கட்டச் சொன்னால் சொன்ன கெடுவுக்குள் கட்டிவிடுங்கள். அதைத் தவறவிட்டு வழக்கை மறுபடி இழந்தவர்களைப் பார்க்கும்போது மனம் பதறும். விதி 9 மனுவே தள்ளுபடியானால் கட்டளை 43இன் கீழ் மேல்முறையீடு உண்டு.

இந்த வாரமே புது வக்கீலிடம் வக்காலத்துக் கையெழுத்துப் போடுங்கள். அசல் புரோநோட் நீதிமன்றக் கோப்பில் இருக்கிறதா என்று பார்க்கச் சொல்லுங்கள். வழக்கின் தனி அடையாளமான 16 இலக்க சிஎன்ஆர் எண்ணையும் கேட்டு வாங்குங்கள். அதை இ-கோர்ட்ஸ் செயலியில் போட்டால், அடுத்த வாய்தா தேதி உங்கள் கைபேசியிலேயே தெரியும்.