ஸ்டார் ஹோட்டல் டின்னர்ல எந்த ஸ்பூனை எப்ப எடுக்கணும்? கையில சாப்பிட்டா கேவலமா நினைப்பாங்களா?

தம்பி, நீ கேட்ட ரெண்டாவது கேள்விக்கு முதல்ல பதில் சொல்லிடறேன், ஏன்னா அதைப் படிச்சதும் மனசுக்கு ஒரு மாதிரி ஆயிடுச்சு. கேவலமா யாரு நினைப்பாங்க? பரிமாறுற நாங்க நினைக்க மாட்டோம். நான் வடசென்னை, வியாசர்பாடி. கேட்டரிங் படிச்சிட்டு ஒரு பெரிய ஹோட்டல்ல பேங்க்வெட் சைடுல, அதாவது பெரிய விருந்து நடக்கற பக்கம், பரிமாறுற ஸ்டூவர்டா சேர்ந்து இப்ப அவங்களை மேய்க்கிற கேப்டனா இருக்கேன். நீ போய் உக்காரப்போற டேபிளை செட் பண்றது எங்க ஆளுங்கதான், அதுல புளியந்தோப்பு, கொடுங்கையூர், தண்டையார்பேட்டைன்னு நம்ம சைடு பசங்க நிறைய பேரு இருக்காங்க. ஒவ்வொரு ஸ்பூனையும் வெந்நியில முக்கி, துணியால துடைச்சு, டேபிள் ஓரத்துலருந்து அரை இஞ்ச் விட்டு வரிசையா வைக்கிறது அவங்க. அதைப் பாத்து நீ பயந்துகினு உக்காந்திருந்தா எங்களுக்குத்தான் கஷ்டமா இருக்கும்.

கேள்வியைப் பாத்தா புதுசா வேலையில சேர்ந்திருக்க, மேனேஜர், வெளிநாட்டு கிளையன்ட் எல்லாம் இருக்கற டின்னர் போலன்னு நினைச்சு சொல்றேன். ஒரு ஆளுக்குன்னு வைக்கிற மொத்த செட்டையும் நாங்க கவர்னு சொல்வோம். உன் கவரைப் பாத்தாலே இன்னிக்கு என்னென்ன வரப்போவுதுன்னு தெரிஞ்சிடும், அதுக்காகத்தான் அப்படி வைக்கிறதே. வெளியில இருக்கறதுலருந்து உள்ள வரணும், அவ்ளோதான். வலது பக்கம் கடைசியில சூப் ஸ்பூன் இருந்தா மொதல்ல சூப் வருதுன்னு அர்த்தம், அது முடிஞ்சதும் அந்த ஸ்பூனும் சூப் பௌலோட போயிடும், அடுத்து இருக்கறதுதான் அடுத்த ஐட்டத்துக்கு. ஃபோர்க் இடது பக்கம், கத்தி வலது பக்கம், கத்தியோட கூர் எப்பவும் உன் பிளேட்டைப் பாத்துதான் இருக்கும், பக்கத்துல உக்காந்தவரைப் பாத்து இருக்காது. பிளேட்டுக்கு மேல் பக்கமா படுக்க வெச்சிருக்கற சின்ன ஸ்பூனும் ஃபோர்க்கும் ஸ்வீட்டுக்கு, அதைத் தொடவே வேணாம், நேரம் வந்ததும் நாங்களே கீழ இறக்கிக் குடுப்போம். நிறைய பேரு மாட்டிக்கிறது பிரெட்லயும் தண்ணியிலயும்தான், ரவுண்டு டேபிள்ல எது யாரோடதுன்னே புரியாது. இடது பக்கம் இருக்கற சின்ன பிளேட்டு உன்னோடது, வலது பக்கம் கத்தி முனைக்கு மேல இருக்கற கிளாஸ் உன்னோடது. பிரெட்டைக் கத்தியால வெட்டாத, கையால பிச்சு அந்தத் துண்டுக்கு மட்டும் வெண்ணெய் தடவு.

இதெல்லாம் தெரியாம போனாலும் ஒண்ணியும் ஆகாது. ஆனா ஒரே ஒரு விஷயம் தெரியலைன்னா பட்டினியா எழுந்து வருவ, நான் கண்ணால பாத்திருக்கேன். ஒரு கம்பெனி டின்னர், ஒரு டேபிளுக்குப் பத்து பேரு. அதுல ஒரு பையன், நம்ம ராயபுரம்னு அப்புறமா சொன்னான், சிக்கன் மெயின் கோர்ஸ்ல ரெண்டு துண்டு சாப்பிட்டிருப்பான், அதுக்குள்ள அவங்க பெரிய ஆபீசர் அவனைப் பாத்து என்னவோ கேக்க, மரியாதையா பதில் சொல்லணும்னு கத்தியையும் ஃபோர்க்கையும் பக்கத்துல பக்கத்துல நேரா பிளேட்டு மேல வெச்சிட்டு பேச ஆரம்பிச்சான். அது எங்க பாஷையில சாப்பிட்டு முடிச்சாச்சு, எடுத்துட்டுப் போன்னு அர்த்தம். புது டிரெய்னி ஒருத்தன் வலது பக்கமா வந்து பிளேட்டை எடுத்துட்டுப் போயிட்டான். அவன் மேலயும் தப்பு இல்ல, அவனுக்கு சொல்லிக்குடுத்ததைத்தான் செஞ்சான். இந்தப் பையன் பிளேட்டு போறதைப் பாக்கறான், வாயைத் தொறந்து கேக்க மாட்டேங்கறான். பக்கத்து சீட்ல ஒருத்தர் என்னப்பா அதுக்குள்ள டயட்டான்னு கேட்டதும் டேபிளே சிரிச்சிது, அவனும் சேர்ந்து சிரிச்சான். அந்த சிரிப்பைப் பாத்துட்டு எனக்குத் தாங்கல. நேரா கிச்சன்ல போய் செஃப்கிட்ட கேட்டு இன்னொரு பிளேட் வாங்கியாந்து, சாரி சார், உங்க ஆர்டர் லேட் ஆயிடுச்சுன்னு சத்தமா சொல்லி அவன் முன்னாடி வெச்சேன். டேபிள்ல இருந்தவங்க அது எங்க தப்புன்னு நினைச்சிட்டாங்க, நினைச்சா நினைக்கட்டும்.

டின்னர் முடிஞ்சு போறப்ப பேன்ட்ரி வாசல்ல வந்து நின்னு, அண்ணா ஏன் எடுத்தாங்கன்னு கேட்டான். அங்கயே ஒரு காலி பிளேட்ல வெச்சுக் காட்டினேன், உனக்கும் அதையேதான் சொல்றேன். இன்னும் சாப்பிடுவேன், சும்மா நிறுத்தியிருக்கேன்னா கத்தி, ஃபோர்க் முனை ரெண்டும் பிளேட் நடுவுல கிட்ட வரணும், கைப்பிடி ரெண்டும் கடிகாரத்துல எட்டு மணி நாலு மணி இருக்கற பக்கம் விரிஞ்சு இருக்கணும், ஃபோர்க் பல்லு கீழ பாத்து இருக்கணும். முடிச்சாச்சுன்னா ரெண்டையும் ஒட்டி வெச்சு கைப்பிடி உன்னைப் பாக்கற மாதிரி வை. பந்தியில இலையை நம்ம பக்கமா மடிக்கிறோமே, அதே மாதிரிதான் இதுவும், பரிமாறுறவனுக்கு வாய் தொறக்காம சொல்ற சேதி. இலை நுனி இடது பக்கம் வரணும், உப்பு ஊறுகாய் மேல ஓரத்துல வரணும்னு நமக்கு யாரும் கிளாஸ் எடுக்கல, பந்தியில உக்காந்து உக்காந்து தெரிஞ்சுக்கிட்டோம். இதுவும் நாலு தடவை உக்காந்தா வந்துடும்.

வெள்ளைக்காரன் பழக்கம் நமக்கு எதுக்குன்னு இங்க யாராவது கேப்பாங்க, கேக்கட்டும். நான் வீட்ல கையாலதான் சாப்பிடறேன், அதை விடுன்னு யாருக்கும் சொல்லல. ஆனா இது நம்ம ஏரியாவுக்கு சம்பந்தமே இல்லாததுன்னு சொன்னா ஒத்துக்க மாட்டேன். பெரம்பூர்ல ரயில்வேல வேலை பாத்த ஆங்கிலோ இந்தியன் குடும்பங்க எவ்ளோ காலமா இருக்காங்க. எங்கப்பா பின்னி மில்லுல இருந்தாரு, 1996ல மில்லு மூடுறதுக்கு முன்னாடி அவரு சிநேகிதர் வீட்டுக்கு கிறிஸ்துமஸுக்குக் கூட்டினு போவாரு, அங்க வலது கையில ஸ்பூன், இடது கையில ஃபோர்க் புடிச்சு சோறு சாப்பிடறதை சின்ன வயசுலயே பாத்திருக்கேன். வெள்ளைக்காரங்களுக்குள்ளயே கூட ஒரே முறை கிடையாது. இங்கிலாந்துக்காரங்க ஃபோர்க்கை இடது கையிலயே வெச்சு சாப்பிடுவாங்க, அமெரிக்காவுல நிறைய பேரு வெட்டி முடிச்சதும் கத்தியை வெச்சிட்டு ஃபோர்க்கை வலது கைக்கு மாத்திப்பாங்க. அதனால ஒருத்தர் உன்னைப் பாத்து இது தப்புன்னு சொன்னா உடனே சுருங்கிப் போயிடாத.

இன்னொண்ணு, கேள்விக்கு சம்பந்தம் இல்லதான், ஆனா சொல்லாம இருக்க முடியல. இப்படி கோட்டு டை போட்டு சார் மேடம்னு நாள் பூரா நின்னுட்டு ராத்திரி ஒரு மணிக்கு வெளிய வந்து கேப் புக் பண்ணா, டிரைவர் போன் பண்ணி எங்க போவணும்னு கேப்பாரு, வியாசர்பாடின்னு சொன்னதும் கேன்சல். கூட வேலை பாக்கற வேளச்சேரி பையனுக்கு அதே நேரத்துல அஞ்சு நிமிஷத்துல வண்டி வருது. எங்க ஊரு பேரைக் கேட்டாலே என்ன பயம் இவங்களுக்கு? அங்க குடும்பம் குட்டியோட லட்சக்கணக்குல ஜனங்க இருக்கோம். மழை நாள்ல சுரங்கப்பாதை ரொம்பிடுச்சு, வர முடியாதுன்னு சொன்னா அது வேற, நியாயம். சும்மா பேரைக் கேட்டு கேன்சல் பண்றது என்ன நியாயம்?

சரி, கையில சாப்பிடற விஷயம். பட்டர் நான், ரொட்டி மாதிரி வந்தா கையால பிச்சு சாப்பிடு, அதுக்கு கத்தி ஃபோர்க் எடுத்தாதான் பாக்க நல்லா இருக்காது. பிரியாணியை ஸ்பூன் ஃபோர்க்ல சாப்பிடறது ஈஸி. ஃபிங்கர் பௌல்னு வெதுவெதுப்பா தண்ணி, எலுமிச்சை துண்டு போட்டு வந்தா அது விரல் நுனி கழுவ, குடிச்சிடாத. நாப்கினை மடியில விரிச்சுக்கோ, நடுவுல எழுந்து போனா சேர் மேல வெச்சிட்டுப் போ. கையிலருந்து ஃபோர்க் கீழ விழுந்துட்டா குனிஞ்சு தேடாத, அங்க நிக்கிற பையனைப் பாத்து லேசா தலையை ஆட்டு, வேற கொண்டாந்து வெப்பான். எதுனா புரியலைன்னா அவன்கிட்டயே மெதுவா தமிழ்லயே கேளு, கண்டிப்பா சொல்லுவான்.