மாவோரி வீட்டுப் பிரசவம்: நியூசிலாந்து மருத்துவச்சியின் பதில்கள்

கேள்வி: பிரசவ அறையில் குடும்பமே கூடி நிற்பார்களாமே, எதற்கு?

பதில்: நியூசிலாந்தின் பூர்வகுடிகளான மாவோரிகளின் மொழியில் 'ஃபானாவ்' என்றால் குடும்பம், பிள்ளை பெறுவதும் அதுவே. 'ஹப்பூ' என்றால் கர்ப்பிணி, குலமும் அதுவே. ஒரு வீட்டில் பாப்பாவின் தலை வந்தபின் தோள் மாட்டிக்கொண்டது. சில நிமிடங்களுக்குள் எடுத்தாக வேண்டும். "கையும் முட்டியும் ஊன்றட்டும்" என்றேன். அக்காவும் அம்மாவும் ஒரே மூச்சில் பிரசவிக்கும் பெண்ணைப் புரட்டிவிட்டார்கள். இரண்டாவது மருத்துவச்சி ஆம்புலன்ஸை அழைத்தார். பாட்டி ஓதுவதை நிறுத்தவே இல்லை. கஷ்டப் பிரசவத்தில் ஹினே-தெ-இவாய்வா என்ற தெய்வத்தை அழைக்கும் பழைய மந்திரங்கள் அவர்களிடம் உண்டு. அந்தக் குரலைப் பிடித்துக்கொண்டுதான் அவள் முக்கினாள். பின்தோள் முதலில் வந்தது, அப்புறம் அழுகைச் சத்தம். அந்தக் கைகள் இல்லாமல் அவ்வளவு வேகமாக என்னால் அவளைத் திருப்பியிருக்க முடியாது.

கேள்வி: நஞ்சுக்கொடியை என்ன செய்வார்கள்?

பதில்: குடும்ப நிலத்தில் புதைப்பார்கள். 'ஃபெனுவா' என்ற ஒரே சொல் நிலத்துக்கும் நஞ்சுக்கொடிக்கும். தொப்புள்கொடியை ஹரகெகே செடியின் நாரால் கட்டும் வழக்கமும் திரும்பி வந்திருக்கிறது.

கேள்வி: யூடியூப் பார்த்து நாமே வீட்டில் பெறலாமா?

பதில்: கூடாது. ரத்தப்போக்கு யாருக்காகவும் காத்திருக்காது.

கேள்வி: என் பாட்டிக்கு எட்டுப் பிள்ளை, எல்லாம் வீட்டில்தானே?

பதில்: மறுபடியும் இதே கேள்வி. உங்கள் பாட்டிக்குப் பக்கத்தில் கைதேர்ந்த மருத்துவச்சி இருந்திருப்பாரே, அவரை ஏன் கணக்கில் சேர்ப்பதில்லை? மாவோரிகளின் பாரம்பரிய வைத்தியர்களை 1907-இல் ஒரு சட்டம் தடை செய்தது. அது 1962-இல்தான் நீங்கியது. டாக்டர் மேற்பார்வை இல்லாமல் மருத்துவச்சி பிரசவம் பார்க்கும் உரிமை 1990-இல் திரும்ப வந்தது. இவ்வளவுக்குப் பிறகு கிடைத்த மருத்துவச்சியை வேண்டாம் என்கிறீர்களா?

கேள்வி (அதே நண்பர்): ஆக, நீங்களும் ஆஸ்பத்திரி கட்சிதான்!

பதில்: வீட்டுப் பிரசவம் பார்ப்பதே என் வேலை, ஐயா. என் பையில் ரத்தப்போக்கை அடக்கும் ஆக்சிடோசின் ஊசி இல்லாமல் எந்த வீட்டுக்கும் போனதில்லை. ரத்தப்போக்கு காத்திருக்காது என்று மேலேயே சொன்னேன்.

கேள்வி: தேதி தாண்டி பத்து நாள், வலி வரவில்லை.

பதில்: இங்கே கேட்காதீர்கள். இன்றே உங்கள் டாக்டரிடம் போங்கள்.

கேள்வி: பிறந்த குழந்தையைப் பக்கத்தில் படுக்க வைப்பார்களா?

பதில்: 'வஹகுரா' என்று நாரில் பின்னிய சின்னத் தொட்டில் இருக்கிறது. அதைப் பெற்றோர் படுக்கையிலேயே வைக்கலாம், குழந்தைக்குத் தனி இடமும் கிடைக்கும். எனக்கு மிகவும் பிடித்த பொருள் அது.