டெல்டா மாவட்டத்துப் பெண் கால்பந்தைத் தொழிலாகக் கொள்ள முடியுமா?

கும்பகோணம் அருகே பதினொன்றாம் வகுப்பு படிக்கும் தங்கள் மகள் கால்பந்தையே தொழிலாகக் கொள்ள முடியுமா என்று கேட்டிருக்கிறீர்கள். முடியும். ஆனால் கிளப் வருமானத்தை மட்டுமே நம்பி இறங்க வேண்டாம் என்பது என் உறுதியான கருத்து.

இந்திய மகளிர் லீக் 2016-17 பருவத்தில்தான் தொடங்கியது. 2018-19இல் மதுரையின் சேது எஃப்.சி. அதன் கோப்பையை வென்றபோது, தமிழ்நாட்டுப் பெண்களுக்குச் சொந்த மண்ணிலேயே ஒரு வாசல் திறந்தது. எனினும் லீக் ஆண்டில் சில மாதங்களே நடப்பதால், மீதி மாதங்களுக்கு நிலையான வேலை ஒன்று தேவைப்படுகிறது. டெல்டாவுக்கு அருகில் உள்ள கடலூரைச் சேர்ந்த இந்துமதி கதிரேசன், தமிழ்நாடு காவல்துறையில் உதவி ஆய்வாளராக இருந்துகொண்டே இந்திய அணியின் நடுக்களத்தில் ஆடியவர். தங்கள் மகள் முதலில் அறிய வேண்டிய வாழ்க்கை அவருடையது. மாநில அரசுப் பணிகளில் விளையாட்டு வீரர்களுக்கு 3 விழுக்காடு ஒதுக்கீடு இருப்பதால், போட்டிச் சான்றிதழ்களைப் பத்திரமாக வைத்திருங்கள். வெளிநாட்டு வாய்ப்பு அரிது. அந்த அரிய வாய்ப்பைப் பெற்ற மணிப்பூர் வீராங்கனை பாலா தேவி 2020இல் ஸ்காட்லாந்தின் ரேஞ்சர்ஸ் கிளப்பில் சேர்ந்தார்.

பலரும் கவனிக்காதது முழங்கால். அதன் உள்ளே எலும்புகளைப் பிணைக்கும் முன்பக்கச் சிலுவைத் தசைநார் (ஏ.சி.எல்.) கிழியும் அபாயம் ஆண்களைவிடப் பெண்களுக்குக் கூடுதல். கிழிந்தால் திரும்பி வர ஒன்பது மாதங்களோ அதற்கு மேலோ ஆகலாம். சம்பா அறுத்து, தாள் நீட்டிக்கொண்டு வெடித்துக் கிடக்கும் வயலில் நம் பிள்ளைகள் ஆடுவதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு இந்தக் கவலைதான் எழுகிறது. தொடைத் தசைகளை வலுப்படுத்தும் பயிற்சியையும், குதித்து இறங்கும்போது முழங்கால் உள்நோக்கி மடியாமல் காக்கும் பயிற்சியையும் இப்போதே தொடங்கச் சொல்லுங்கள்.