இசைக் கேள்விகள்: இருட்டில் மின்னும் தட்டு

கேள்வி: ஜெர்மனியில் வேலை பார்க்கும் என் மகன், கிராஃப்ட்வெர்க் என்ற ஜெர்மன் எலக்ட்ரானிக் இசைக் குழுவின் ‘நியான் லைட்ஸ்’ என்ற 12 அங்குல இசைத்தட்டை வாங்கி வந்திருக்கிறான். 1978-ல் பிரிட்டனில் வந்த அரிய பதிப்பாம், இருட்டில் மின்னுமாம். ராத்திரி அலமாரியிலிருந்து எடுத்துப் பார்த்தேன், மின்னவில்லை. ஏமாந்துவிட்டானா? மின்னினால் ரேடியமாயிற்றே, வீட்டில் வைக்கலாமா? கண்ணாடிச் சட்டம் போட்டு மாட்டிவிடட்டுமா?
– வாசகர், கோவை

பதில்: பயப்படாதீர்கள். நம் ஊரில் இருட்டில் தெரிகிற எல்லாவற்றையும் ‘ரேடியம்’ என்றுதான் சொல்கிறோம், சைக்கிள் மட்கார்டு ஸ்டிக்கரைக்கூட. ரேடியம் கலந்த பூச்சுக்கு வெளிச்சம் காட்டவே வேண்டாம், தானாக மின்னும். உங்கள் தட்டு அப்படியல்ல. விளக்கொளியை வாங்கி வைத்துக்கொண்டு, இருட்டில் மெல்ல மெல்லத் திருப்பித் தருகிற பொடி அதில் கலந்திருக்கிறது. அலமாரிக்குள் கிடந்ததற்கு ஒளி எங்கிருந்து வரும்?

பகலில் எடுத்துப் பாருங்கள். கறுப்பாக இல்லாமல் வெளிறிப்போன நிறத்தில் இருந்தால், கேபிடல் நிறுவனம் போட்ட அந்தத் தட்டாக இருக்க நல்ல வாய்ப்பு உண்டு. இனி ராத்திரி டர்ன்டேபிளில் வையுங்கள், ஓடவிட வேண்டாம். ஊசிக் கையைத் தட்டின் மேலாக நகர்த்தி, கீழே இறக்காமல் நிறுத்துங்கள். மேலேயிருந்து இரண்டு நிமிடம் டார்ச் அடித்துவிட்டு விளக்கையெல்லாம் அணைத்துவிடுங்கள். தட்டு பச்சையாக மின்னும். ஊசிக் கையின் நிழல் விழுந்த இடம் மட்டும் கறுப்புக் கோடாக நிற்கும். இப்போது சுழலவிட்டால் அந்த நிழலும் சேர்ந்து சுற்றும்! முதல் தடவை இதைப் பார்த்த ராத்திரி, பாட்டுப் போட வேண்டும் என்பதே எனக்கு மறந்துவிட்டது. அந்த நிழலையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன்.

அதனால்தான் சொல்கிறேன், சுவரில் மாட்டாதீர்கள். இரவு நகரத்தின் விளக்குகளைப் பற்றிய பாட்டு அது. பாடும் வரிகள் கொஞ்சம்தான், மீதியெல்லாம் வாத்தியம், கிட்டத்தட்ட ஒன்பது நிமிடம். வெளிச்சம் கொஞ்சம் கொஞ்சமாக மங்கிக்கொண்டே வர, பாட்டும் ஓடிக்கொண்டிருக்கும். அந்தக் காலத்தில் கலர் கலராகத் தட்டுப் போட்டு விற்றவர்கள் நிறையப் பேர். பாட்டுக்கும் தட்டுக்கும் இவ்வளவு பொருத்தம் அமைந்த இன்னொன்றை நான் பார்த்ததில்லை. கறுப்புத் தட்டைவிடச் சற்றுக் கூடுதலாகக் கரகரக்கலாம். என் தட்டும் கரகரக்கிறது. அதற்காக ஓடவிடாமல் இருக்காதீர்கள். ஊசி மட்டும் தேய்ந்ததாக இருக்கக் கூடாது.

மறக்காமல் திருப்பியும் போடுங்கள். பின்பக்கத்தில் ‘தி மாடல்’ இருக்கிறது. 1978-ல் அது பின்பக்கப் பாட்டு. 1981-ல் ‘கம்ப்யூட்டர் லவ்’ தட்டின் மறுபக்கத்தில் அதை மீண்டும் போட்டார்கள். 1982 பிப்ரவரியில் பிரிட்டனில் முதலிடத்துக்கே போய்விட்டது. உங்கள் மகன் கொண்டுவந்த தட்டில் அது யாரும் கண்டுகொள்ளாமல் மூன்று வருடம் காத்திருந்தது.

கேள்வி: சிவப்புச் சட்டை, கறுப்பு டை கட்டிய அந்தக் கிராஃப்ட்வெர்க் குழுவின் நான்கு பேரும் மெஷினை ஓடவிட்டுச் சும்மா நிற்பவர்கள்தானே?
– வாசகர், தஞ்சாவூர்

பதில்: இல்லை. ‘நியான் லைட்ஸ்’ பாட்டை ரால்ஃப் ஹூட்டர், ஃப்ளோரியன் ஷ்னைடர் இருவரோடு சேர்ந்து உருவாக்கிய கார்ல் பார்டோஸ் அந்த நால்வரில் ஒருவர், ஜெர்மனியின் டுஸ்ஸல்டார்ஃப் நகர இசைக் கல்லூரியில் முறையாகத் தாளவாத்தியம் படித்தவர். ஒரே தாளத்தை அலுக்காமல் திரும்பத் திரும்ப வாசிக்க மெஷின் உதவியது உண்மை. அதன் மேல் எழும் ராகத்தையும், ஹூட்டரின் அந்தத் தணிந்த குரலையும் ஒருமுறை கண்ணை மூடிக் கேளுங்கள். பிறகு எனக்கு எழுதுங்கள், காத்திருக்கிறேன்.